ஈரப்பதம் 22-ல் நிற்கும் குறுவை நெல்: காயவைத்துக் கொள்முதல் நிலையத்துக்கா, ஈரமாகவே வியாபாரிக்கா?

வெண்ணாற்றங்கரை:

நாலு ஏக்கர் ஆடுதுறை 43 ரக நெல். பெல்ட் வண்டி (அறுவடை இயந்திரம்) விட்டு அறுத்தாயிற்று, உத்தேசமாக 100 குவிண்டால். டிப்பரிலிருந்து கொட்டும்போதே ஈரப்பத மீட்டரில் 22 சதவீதம் காட்டியது. அரசு கொள்முதல் நிலையத்தில் 17-க்கு மேல் எடுக்கமாட்டார்கள். அங்கே ஏற்கெனவே வரிசையாகக் குவியல் கிடக்கிறது, வானமும் மூட்டம் போட்டிருக்கிறது. வெளி வியாபாரி இருந்தபடியே 60 கிலோ மூட்டை 1,350 ரூபாய்க்குக் கேட்கிறார்.

22-லிருந்து 17-க்கு வந்தால் 100 கிலோவுக்கு 5 கிலோதானே குறையும்? அந்தக் கணக்கில் காயவைப்பது லாபமா? காயவைக்க எவ்வளவு இடம் வேண்டும், விட்டுவிட்டு மழை பெய்தால் எப்படிச் சமாளிப்பது? வீட்டு மீட்டரில் 16.8 காட்டுகிற நெல் நிலையத்தில் 18.1 காட்டுகிறது, எதை நம்புவது? கடைசியாக, இந்த 17 என்ற எண்ணில் ஏன் இவ்வளவு கறாராக இருக்கிறார்கள்? விவரம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.


களத்துமேடு:

எடைக் கணக்கை முதலில் முடித்துவிடுவோம், நிறைய பேர் இதில்தான் ஏமாறுகிறார்கள். குறைவது 5 கிலோ அல்ல, 6 கிலோ.

மீட்டர் காட்டுகிற சதவீதம் ஈரமும் சேர்ந்த மொத்த எடைக்கு. 100 கிலோவில் 22 என்றால் தண்ணீர் 22 கிலோ, காய்ந்த சரக்கு 78 கிலோ. எவ்வளவு காயவைத்தாலும் அந்த 78 மாறாது. ஈரம் 17-க்கு வரும்போது அதே 78 கிலோ, மொத்தத்தில் 83 பங்காக நிற்கும். 78-ஐ 83-ஆல் வகுத்து 100-ஆல் பெருக்குங்கள்: 93.98. ஆக உங்கள் 100 குவிண்டால், 94 குவிண்டாலாக இறங்கும். 40 கிலோ சிப்பத்தில் 235 மூட்டை.

இனி பணம். 2025-26 பருவத்துக்குச் சன்ன ரகம் குவிண்டால் 2,545 ரூபாய். மத்திய அரசின் ஆதரவு விலை 2,389, மாநில ஊக்கத்தொகை 156. பொது ரகத்துக்கு 2,369-ம் 131-ம் சேர்ந்து 2,500. ஆடுதுறை 43 சன்னத்தில் வரும். 93.98 குவிண்டாலுக்கு 2,39,179 ரூபாய். ஈர நெல் 100 குவிண்டால் என்பது 60 கிலோ மூட்டையில் 166.67, 1,350 வீதம் 2,25,000. வித்தியாசம் 14,179 ரூபாய்.

உங்கள் 22 ஈர நெல்லுக்குச் சமமான விலை, 60 கிலோ மூட்டைக்கு 1,435. வியாபாரி அதற்குக் கீழே எவ்வளவு கேட்கிறாரோ அதுதான் நீங்கள் காயவைக்கிற கூலிக்கும், தார்ப்பாய்க்கும், வண்டிக்கும், காத்திருப்புக்கும் கையிலிருக்கும் பணம். இப்போதைக்கு மூட்டைக்கு 85 ரூபாய். மூன்று நாள் வெயில் கிடைக்கும் என்றால் காயவையுங்கள். ஒரு வாரம் மழை என்று தெரிந்தால் அந்த 14,000-ஐ நம்பி 2,25,000-ஐப் பணயம் வைக்கவேண்டாம், முளைத்த நெல்லை அந்த வியாபாரியும் தொடமாட்டார்.

அதிகமாகக் காய்வதும் நஷ்டம்தான். 17-ல் இருக்கிற 100 கிலோ, 13-க்குப் போனால் 95.4 கிலோ. நான்கரைக் கிலோவுக்கு மேல் போயிற்று, விலையில் ஒரு பைசா கூடாது. 16-க்கும் 16.5-க்கும் நடுவில் நிறுத்துங்கள். மீட்டர் அரைப்புள்ளி முன்னே பின்னே காட்டினாலும் தாங்கும்.

இடம்: நெல்லை 3 சென்டிமீட்டர் கனத்துக்குமேல் பரப்பக்கூடாது. அந்தக் கனத்தில் ஒரு டன்னுக்கு 600 சதுர அடிக்குக் கொஞ்சம் கூடுதலாக வேண்டும். 10 டன்னுக்கு 6,200 சதுர அடி. அவ்வளவு களம் பெரும்பாலோருக்குக் கிடையாது. அதனால் மூன்றாகப் பிரித்து முறைவைத்துக் காயவையுங்கள். எல்லாவற்றையும் ஒரே களத்தில் அரையடி கனத்துக்குக் கொட்டிவிட்டு மேலாகக் கிளறுவதில் பயனில்லை. மேல்நெல் 13-க்கு முறுகிப்போகும், அடிநெல் 20-லேயே நிற்கும், மீட்டர் ஒவ்வொரு கைக்கும் ஒவ்வொன்று காட்டும்.

அரைமணிக்கு ஒருமுறை காலால் கோடு இழுத்துப் புரட்டவேண்டும். ஒருமுறை கிழக்கு மேற்காக என்றால் அடுத்தமுறை தெற்கு வடக்காக. நல்ல வெயிலில் உச்சிப் பொழுதுக்குப் பலகையால் தள்ளிக் குவித்து ஒன்றிரண்டு மணி நேரம் மூடிவையுங்கள். நேரம் வீணாவதாகத் தோன்றும், வீணில்லை. உள்மணியின் ஈரம் வெளித்தோலுக்கு வர அந்த அவகாசம் வேண்டும். அடுத்த வெயிலில் சடுதியில் இறங்கும், மணியும் உள்ளே வெடிக்காது. நெல்லின் சூடு 50 டிகிரியைத் தாண்டினால் அரிசியில் விரிசல் விழும். தார்ச்சாலையில் கொட்டிக் காயவைக்கிற நெல்லில் குருணை கூடுவது இதனால்தான். சாலையில் கல்லும் சேரும், இருட்டில் இரண்டு சக்கர வண்டிக்காரர் சறுக்கி விழுவார். அதைத் தவிர்த்துவிடுங்கள்.

விதைக்கு எடுத்துவைக்கும் நெல்லைத் தனியாகக் காயவையுங்கள். அதற்குச் சூடு 43 டிகிரிக்குள் இருக்கவேண்டும். காலை வெயிலும் மாலை வெயிலும் போதும்.


சிப்பம்40:

களத்துமேடு சொன்ன கணக்கு சரி. மீட்டருக்கும் 17-க்கும் வருகிறேன்.

இரண்டு மீட்டரும் நெல்லுக்குள் மின்சாரத் தேக்கத்தை அளந்து ஈரத்தை ஊகிக்கிறவைதான். அதனால் சூடு, ரகம், தூசி, மேல்ஈரம் எல்லாமே எண்ணை மாற்றும். களத்திலிருந்து சுடச்சுட அள்ளிப் போட்டால் தப்பாகக் காட்டும். மாதிரியை ஒரு பிளாஸ்டிக் பையில் கட்டி நிழலில் 20 நிமிடம் ஆறவைத்துப் பிறகு போடுங்கள். மீட்டரில் பயிர் தேர்வு 'நெல்' என்று இருக்கிறதா பாருங்கள், 'அரிசி' என்று இருந்தாலே ஒரு புள்ளி இரண்டு புள்ளி ஓடிவிடும். பேட்டரி இறங்கியிருந்தாலும் நம்பமுடியாது. மூன்றுமுறை போட்டுச் சராசரி எடுங்கள்.

மாதிரி எங்கே எடுத்தீர்கள் என்பதும் உண்டு. குவியலின் மேல்கை எடுத்தால் 16.8, முழங்கை வரை விட்டு நடுவிலிருந்து எடுத்தால் 18.1. உங்கள் வித்தியாசம் பெரும்பாலும் இதுதான். மேல், நடு, அடி மூன்றிலும் எடுத்துக் கலந்து பாருங்கள். நிலையத்தில் உங்கள் கண்முன்னே அதே கலப்பு மாதிரியை இரண்டு மீட்டரிலும் போடச்சொல்லுங்கள். அப்போதும் ஒரு புள்ளிக்குமேல் வித்தியாசம் வந்தால் ஏதோ ஒரு மீட்டர் அளவு சரிபார்க்கப்படாதது என்று அர்த்தம். தகராறு முற்றினால் முடிவு சொல்வது ஆய்வக அடுப்புமுறைதான்: நெல்லை அரைத்து 130 டிகிரியில் 2 மணி நேரம் வைத்து எடை இழப்பைப் பார்ப்பது.

பல்லால் கடித்து 'டக்' என்று முறிந்தால் காய்ந்துவிட்டது என்பார்கள். 14-க்கும் 20-க்கும் அது வித்தியாசம் சொல்லும், 17-க்கும் 18-க்கும் சொல்லாது.

ஈரத்தோடு சேர்த்துப் பார்க்கிற மற்ற வரம்புகள்: கல் மண் 1 சதவீதம், பதர் வைக்கோல் வகை 1 சதவீதம், சேதமான, நிறம் மாறிய, முளைத்த, வண்டடித்த நெல் எல்லாம் சேர்த்து 5 சதவீதம், முற்றாத சுருங்கிய கருக்காய் 3 சதவீதம், தரம் குறைந்த ரகக் கலப்பு 6 சதவீதம். ஈரம் சரியாக இருந்தும் திரும்புகிற குவியல்கள் பெரும்பாலும் கருக்காயிலும் பதரிலும்தான் திரும்புகின்றன. அறுவடை வண்டியில் காற்று குறைவாக வைத்திருந்தால் பதர் தொட்டிக்குள் வந்துவிடும், அதிகமாக வைத்தால் நல்ல நெல் வைக்கோலோடு பறக்கும். முதல் இரண்டு சால் ஓடியதும் வண்டியை நிறுத்தித் தொட்டியில் ஒரு கை, பின்னால் விழும் வைக்கோலில் ஒரு கை அள்ளிப் பார்த்து ஓட்டுநரைச் சரிசெய்யச் சொல்லுங்கள். பிறகு தூற்றும் கூலி மிச்சம்.

சன்னமா பொதுவா என்பது ஊரில் சொல்வதை வைத்து அல்ல. உரித்த அரிசியின் நீளத்தை அகலத்தால் வகுத்தால் 2.5-ம் அதற்கு மேலும் வந்தால் சன்னம். ஏ.எஸ்.டி. 16, சி.ஆர். 1009 போன்ற குண்டு ரகங்கள் பொதுவில் போகும்.

இப்போது 17. இது நெல் காய்ந்துவிட்டது என்பதற்கான எண் அல்ல. மாதக்கணக்கில் சேமிக்க வேண்டுமானால் நெல் 13-க்கு வரவேண்டும், விதைக்கு அதற்கும் கீழே. 14-லிருந்து 18 வரை உள்ள நெல் மூட்டையில் இரண்டு மூன்று வாரம்தான் தாங்கும். அதற்குமேல் பூசணமும் நிறமாற்றமும் தொடங்கிவிடும். அதாவது 17 என்பது ஒரு தவணை. 'இரண்டு மூன்று வாரத்துக்குள் இந்த மூட்டை ஆலையின் தொட்டிக்குப் போய்விடும்' என்ற நம்பிக்கையில் வைத்த எண். 20-ல் வாங்கினால் அந்தத் தவணை சில நாட்களாகச் சுருங்கும்.

தளர்வே கிடையாது என்றும் இல்லை. 2022 அக்டோபரில் 19 வரையும், 2023 பிப்ரவரி மழைக்குப் பிறகு 20 வரையும் மத்திய அரசு தமிழ்நாட்டுக்குத் தளர்த்தியது. ஆனால் மாநிலம் கேட்டு, குழு வந்து மாதிரி எடுத்து, ஆணை வரும்வரை உங்கள் குவியல் காத்திருக்காது. தளர்வை எதிர்பார்த்துக் காயவைக்காமல் இருக்கவேண்டாம்.

தவணை என்றேனே, அது எங்கே அடைபடுகிறது என்பதையும் சொல்லிவிடுகிறேன். வரிசை நீள்வதற்கு எடைபோடும் தாமதம் காரணம் என்று எல்லோரும் நினைக்கிறார்கள். ஒரு நிலையம் நாளைக்கு 1,000 சிப்பம் பிடித்தால் 40 டன். ஒரு பெல்ட் வண்டி மணிக்கு ஒரு ஏக்கர் அறுக்கும், பகலில் பத்து ஏக்கர், உங்கள் விளைச்சல் கணக்கில் 25 டன். இரண்டே வண்டி ஓடினால் ஒரு நிலையம் நிரம்பிவிடும். கை அறுவடைக் காலத்தில் அரி போட்டு வயலிலேயே காய்ந்து, கட்டு கட்டி, களத்தில் அடித்து, கொஞ்சம் கொஞ்சமாக வாரக்கணக்கில் வந்த நெல் இப்போது ஒரே நாளில், காயாமல் வருகிறது. பிடித்த மூட்டையை ஏற்ற அன்றைக்கே லாரி வராவிட்டால் மறுநாள் அடுக்க இடமில்லை, சாக்கும் இல்லை, நிலையம் நின்றுவிடும். தஞ்சாவூரிலும் நீடாமங்கலத்திலும் சரக்கு ரயில் பிடித்துச் சுமார் 2,000 டன் வரை ஒரே நடையில் வெளி மாவட்ட ஆலைகளுக்கு அனுப்புகிறார்கள். அது 50 நிலையங்களின் ஒருநாள் கொள்முதல். ஒரு ரயில் இரண்டு நாள் தள்ளிப்போனால் அதன் வலி உங்கள் களத்தில் தெரியும்.

அதனால் நெல்லைக் கொண்டுபோவதற்குமுன் 'இன்று லாரி வந்ததா, சாக்கு இருக்கிறதா' என்று கேளுங்கள். வரிசையில் எத்தனை பேர் என்பதைவிட இந்த இரண்டும்தான் உங்கள் நாளைத் தீர்மானிக்கும். சிட்டா, அடங்கல், ஆதார், வங்கிப் புத்தக நகல் முன்கூட்டியே பதிவாகியிருக்கட்டும். குத்தகை நிலமானால் கிராம நிர்வாக அலுவலர் சான்றை அறுவடைக்கு முன்பே வாங்கிவையுங்கள், குவியல் நனையும்போது அலையமுடியாது.

எடையிலும் கண் இருக்கட்டும். புதுச் சாக்கு 580 கிராம். தராசில் சாக்கோடு 40.580 காட்டவேண்டும். சிப்பத்துக்கு ஒரு கிலோ கூடுதலாகப் போனால் இரண்டரை சதவீதம், உங்கள் 235 மூட்டையில் 5,980 ரூபாய்.


வெண்ணாற்றங்கரை:

இருவருக்கும் நன்றி. எடை 6 கிலோ என்பது இன்றுதான் புரிந்தது. ஒரு சிக்கல்: நேற்று இரவு மழைக்குத் தார்ப்பாய் போட்டு நன்றாக இறுக்கி மூடினோம், ஒரு சொட்டு உள்ளே போகவில்லை. காலையில் திறந்தால் மேல்நெல் ஈரமாக ஒட்டுகிறது, கையை விட்டால் உள்ளே வெதுவெதுப்பு. இது ஏன்?


களத்துமேடு:

மழைத் தண்ணீர் இல்லை, நெல்லே வியர்த்த தண்ணீர். ஈர நெல் உயிருள்ளது, மூச்சு விடும். மூச்சு விட்டால் சூடும் ஆவியும் வரும். ஆவி மேலே ஏறிக் குளிர்ந்த தார்ப்பாயின் அடியில் பட்டுத் துளியாகி அதே நெல்லின்மேல் சொட்டும். தார்ப்பாயின் உள்பக்கத்தைத் தடவிப் பாருங்கள், வரிசையாக முத்துப்போல் நிற்கும். அந்த மேல் இரண்டு விரல்கடை நெல்தான் முதலில் முளைக்கும். குறுவை ரகங்களுக்குப் பொதுவாக விதை உறக்கம் குறைவு, சூடும் ஈரமும் சேர்ந்தால் இரண்டு மூன்று நாளில் மூக்கு விட்டுவிடும்.

உடனே செய்யவேண்டியது: மழை விட்டிருந்தால் இப்போதே திறந்து குவியலை உடைத்துவிடுங்கள். வெயில் இல்லாவிட்டாலும் பரவாயில்லை, காற்று போதும். அரையடிக்குமேல் கனமில்லாமல் பரப்பி மணிக்கு ஒருமுறை புரட்டினால் சூடு இறங்கும். சூடு இறங்காத நெல்லைத் திரும்பக் குவிக்காதீர்கள்.

அடுத்த மழைக்குக் குவிக்கும்போது வட்டக் கும்பமாக வேண்டாம். நீளவாட்டில் வரப்புப்போல, இடுப்புயரத்துக்குமேல் போகாமல் குவியுங்கள். அடியில் வைக்கோல் ஒரு பட்டை, அதன்மேல் ஒரு தார்ப்பாய். சுற்றிலும் ஒரு மண்வெட்டி ஆழத்துக்கு வாய்க்கால் வெட்டி வடிகால் பக்கம் திருப்புங்கள். மேல் தார்ப்பாய் நெல்லைத் தொடக்கூடாது. நடுவில் மூங்கில் படுக்கப் போட்டு அதன்மேல் போர்த்தினால் இடையில் காற்று இருக்கும். இரண்டு நுனியையும் மழை நேரத்தில் மட்டும் இறக்கி, விட்டதும் தூக்கிவிடுங்கள். பனிக்காக ராத்திரி மூடவேண்டும்தான், ஆனால் நுனி திறந்திருக்கட்டும்.

அடுத்த போகத்துக்கு ஒன்று: பூத்து 28 முதல் 35 நாளில், கதிரில் ஐந்தில் நாலு பங்கு மஞ்சளானதும் அறுத்துவிடலாம். அதற்குப் பத்து நாள் முன்பே தண்ணீரை வடித்துவிட்டால் 22-ல் வருகிற நெல் 19, 20-ல் வரும். டெல்டா களிமண்ணில் வடிகால் தூர்ந்திருந்தால் இது நடக்காது. தூர்வாரும் வேலையை ஆடியில் கேட்காமல் ஐப்பசியில் கேட்டுப் பயனில்லை.


புழுங்கல்தொட்டி:

அரவை ஆலைப் பக்கத்திலிருந்து கொஞ்சம் சொல்கிறேன், 17-ல் கறார் ஏன் என்பது அங்கேதான் கண்ணுக்குத் தெரியும்.

அரசு நெல்லை அரைத்துக் கொடுக்கும் ஆலை 100 கிலோ நெல்லுக்குப் புழுங்கலாக 68 கிலோ, பச்சரிசியாக 67 கிலோ திருப்பிக் கொடுத்தாகவேண்டும். உமி 20 கிலோவுக்குமேல், தவிடு ஆறேழு கிலோ. புழுங்கலில் குருணை 16 சதவீதம், பச்சரிசியில் 25 சதவீதம் வரைதான் அனுமதி, அரிசியின் ஈரம் 14. இதற்குள் நிற்க, வருகிற நெல் உருப்படியாக இருக்கவேண்டும்.

சூடேறிய நெல்லைப் பிரித்தால் மூட்டையின் நடுவில் கைப்பிடி அளவு நெல் கட்டியாக ஒட்டிக்கொண்டிருக்கும். உதிர்த்து உரித்தால் அரிசி மஞ்சள். அந்த மஞ்சள் தீட்டினாலும் போகாது, உள்வரைக்கும் ஏறியிருக்கும். நிறம் பிரிக்கும் இயந்திரம் அதைத் தட்டிவிடும், தட்டிவிட்டால் 68 எட்டாது. எட்டவேண்டும் என்று இயந்திரத்தைத் தளர்த்தி வைத்தால் மஞ்சளும் கறுப்பும் ரேஷன் கடைக்குப் போகும். முளைவிட்ட நெல்லில் மாவுச்சத்து கரைந்து மணி பொக்கையாக இருக்கும், உமி நீக்கும் ரப்பர் உருளைக்குள் போனதும் தூளாகிவிடும்.

ரேஷன் அரிசி வாடை அடிக்கிறது என்பது இரண்டு இடத்தில் உண்டாகும். ஒன்று, மேலே சொன்ன சூடேறிய நெல். இன்னொன்று எங்கள் பக்கத்துத் தவறு: ஊறவைப்பது. பச்சைத் தண்ணீரில் 24 மணி, 48 மணி போட்டால் தொட்டியில் நுரை கட்டும், புளித்துவிடும், அந்த வாடை அவித்தாலும் காய்ந்தாலும் போகாது. தொட்டித் தண்ணீரை மாற்றாமல் இரண்டாம் முறை போட்டால் இன்னும் மோசம். 65 முதல் 70 டிகிரி வெந்நீரில் மூன்று நாலு மணி நேரம் ஊறவைத்தால் நெல் 30 சதவீதம் ஈரத்துக்கு வந்துவிடும், புளிக்க நேரமே இருக்காது. மைசூர் உணவுத் தொழில்நுட்ப ஆராய்ச்சி நிறுவனம் வகுத்த முறை இது, பல பத்தாண்டுப் பழசு. கொதிகலனுக்கு உமியே எரிபொருள், செலவு என்று சாக்குச் சொல்ல இடமில்லை. 75-க்குமேல் சூடு போனால்தான் நெல் வாய் பிளந்து மாவு தண்ணீருக்குப் போகும், அதைப் பார்த்துக்கொள்ள வேண்டும்.

திறந்தவெளியில் அடுக்கிய நெல்லைப் பற்றிச் செய்தியில் படம் போடுகிறார்கள். மேடையும், கட்டையும், கறுப்பு உறையும் சரியாக இருந்தால் 13-ல் உள்ள நெல் அங்கே மாதக்கணக்கில் கிடக்கும். 19-ல் உள்ள நெல் நல்ல கட்டடத்துக்குள் அடுக்கினாலும் கெடும். கூரை வேண்டும், மறுக்கவில்லை. ஆனால் கொள்முதல் நிலையத்துக்குப் பக்கத்திலேயே உலர்த்தும் இயந்திரம் இருப்பதுதான் முதல் தேவை என்பது என் உறுதியான கருத்து. கூரை மழையைத் தடுக்கும், நெல்லுக்குள் இருக்கிற தண்ணீரை எடுக்காது.


கீழவீதி:

நெல் விளைவிக்கும் ஆள் இல்லை, ரேஷன் அட்டைதாரர் தரப்பிலிருந்து கேட்கிறேன். அரிசியில் சில மணிகள் மட்டும் வெள்ளையாக, வேறு மாதிரி இருக்கின்றன, தண்ணீரில் மிதக்கின்றன. பிளாஸ்டிக் அரிசி என்று அக்கம்பக்கத்தில் பொறுக்கி எறிகிறார்கள். வாடை அடிக்கும் அரிசியை என்ன செய்வது?


புழுங்கல்தொட்டி:

அம்மா/ஐயா, பிளாஸ்டிக் இல்லை. அது செறிவூட்டப்பட்ட மணி. அரிசி மாவில் இரும்பு, ஃபோலிக் அமிலம், பி12 சேர்த்துப் பிசைந்து, சேமியா பிழிகிற மாதிரி அழுத்தி, அரிசி வடிவில் வெட்டியது. செறிவூட்டிய அரிசியில் 100 கிலோவுக்கு 1 கிலோ இந்த மணி கலந்திருக்கும். அதனால் நூற்றில் ஒன்று நிறம் மாறித் தெரியும். கலந்தபின் ஒரு கிலோ அரிசியில் இரும்பு 28 முதல் 42.5 மில்லிகிராம் இருக்கவேண்டும் என்பது உணவுப் பாதுகாப்பு விதி. பொறுக்கி எறிந்தால் சேர்த்த சத்தைத்தான் எறிகிறீர்கள். தலசீமியா என்ற ரத்த நோய் உள்ளவர்கள் மட்டும் மருத்துவரைக் கேட்டுச் சாப்பிடுவது நல்லது, முன்பு மூட்டையின்மேலும் அப்படி அச்சிட்டார்கள்.

ஐந்தாறு தண்ணீர் விட்டுத் தேய்த்துக் கழுவவேண்டாம், இரண்டு அலசல் போதும். புழுக்க வாடை லேசாக இருந்தால் வெந்நீரில் அரைமணி ஊறவைத்து, அந்தத் தண்ணீரைக் கொட்டிவிட்டு உலை வைத்தால் பெரும்பாலும் போய்விடும். சத்தில் கொஞ்சம் போகும், என்றாலும் சாப்பிடாமல் விடுவதற்கு இது மேல். ஆனால் பூசண வாடை, கட்டி, கறுப்பு மணி கண்டால் கழுவிப் பார்க்கவேண்டாம். வாங்கும்போதே கடையில் வேறு மூட்டை கேளுங்கள், அன்றைக்கே எழுத்தில் புகார் கொடுங்கள். அந்த மூட்டை எந்த ஆலையில் அரைத்தது என்பது சாக்கில் தைத்த அட்டையில் இருக்கும். அட்டையைப் படம் எடுத்து இணைத்தால்தான் புகார் எங்கள் பக்கம் வரைக்கும் வந்து சேரும்.


தானியமண்டி:

வியாபாரி விலை பற்றி ஒன்று விடுபட்டுவிட்டது. வெளிச்சந்தையில் சன்ன ரகத்துக்கு விலை எழுவதும் விழுவதும் உள்ளூர் விளைச்சலால் மட்டும் இல்லை. உலகச் சந்தையில் விற்கும் அரிசியில் சுமார் 40 சதவீதம் இந்தியாவிலிருந்து போகிறது. 2023 ஜூலையில் பாசுமதி அல்லாத வெள்ளை அரிசி ஏற்றுமதியைத் தடுத்தார்கள், ஆகஸ்டில் புழுங்கலுக்கு 20 சதவீத வரி போட்டார்கள். 2024 செப்டம்பர், அக்டோபரில் இந்த இரண்டும் விலகின. இந்த மாதிரித் தடை ஆணை வரும் வாரத்தில் ஆலைக்காரர் வாங்குவதை நிறுத்திப் பார்ப்பார், களத்து விலை அன்றைக்கே இறங்கும். ஆகவே 1,350 என்று கேட்கிற வியாபாரியிடம் 'ஈரத்துக்காக எவ்வளவு கழிக்கிறீர்கள், சந்தைக்காக எவ்வளவு' என்று பிரித்துக் கேளுங்கள். ஈரத்துக்கு நியாயமான கழிவு 1,435 வரைதான். அதற்குக் கீழே உள்ளது பேரம்.

பழைய அரிசிக்குக் கிராக்கி உள்ள பி.பி.டி. போன்ற ரகமானால் 13-க்குக் காயவைத்து நாலைந்து மாதம் வைத்திருந்து விற்பதில் அர்த்தம் உண்டு. ஆடுதுறை 43-ஐ அப்படி வைத்திருப்பது எனக்குச் சரியாகப் படவில்லை.


வெண்ணாற்றங்கரை:

குவியலை உடைத்துப் பரப்பியதில் சூடு இறங்கிவிட்டது. முதல் 30 குவிண்டால் 15-க்கு வந்துவிட்டது, கொஞ்சம் அதிகமாகவே காய்ந்துவிட்டது. மீதி 19-ல் நிற்கிறது. 15-ல் இருப்பதில் 19-ல் இருப்பதைச் சமமாகக் கலந்தால் 17 வந்துவிடும்தானே? வெயில் இன்னும் ஒரு நாள்தான் என்கிறார்கள்.


புழுங்கல்தொட்டி:

கலக்காதீர்கள். கணக்கில் 17 வரும், நெல்லில் வராது. கலந்த அன்று மீட்டர் 16-ம் காட்டும் 18-ம் காட்டும், எந்த மணி உள்ளே விழுந்ததோ அப்படி. அதைவிடப் பெரிய சேதம்: காய்ந்த மணி பக்கத்து ஈர மணியிலிருந்து தண்ணீரை இழுக்கும். காய்ந்த நெல் திடீரென்று ஈரம் குடித்தால் உள்ளே அரிசி குறுக்கே வெடிக்கும். வெளியிலிருந்து பார்த்தால் தெரியாது. உரித்து வெளிச்சத்துக்கு எதிரே பிடித்தால் மயிரிழைபோல ஒரு கோடு தெரியும், அரைத்தால் அங்கேயே இரண்டாக முறியும்.

15-ல் உள்ள 30 குவிண்டாலைத் தனியாகச் சாக்கில் பிடித்து இன்றே நிலையத்துக்குக் கொண்டுபோங்கள். இரண்டு புள்ளிக்குக் குவிண்டாலுக்கு இரண்டரைக் கிலோபோல நஷ்டம், பரவாயில்லை, களம் காலியாகும். அந்த இடத்தில் 19-ல் உள்ளதை 3 சென்டிமீட்டர் கனத்துக்கு விரியுங்கள். ஒரு நாள் நல்ல வெயிலில் 19, 16.5-க்கு இறங்கிவிடும். மாலை நாலு மணிக்கு மேல் பனி இறங்குமுன் குவித்து, ஆறவைத்து, மேல் நடு அடி மூன்றிலும் எடுத்து மீட்டர் போடுங்கள்.